ட்ரம்ஸ் மட்டும் மிஞ்சிய ஆல்பம்

விலகிப் போகிறேன் என்று நிலவன் சொன்னது ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. இடம், வல்லக்கோட்டையில் விஜி என்கிற விஜயராகவன் வீட்டுக்குப் பின்னால் இருக்கும் தகரக் கொட்டகை. காஞ்சனா அப்போதுதான் ட்ரம்ஸுக்கு முன்னால் உட்கார்ந்து பெடலுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தாள்.

"பெங்களூர்லேந்து ஒரு பேண்டுல கூப்ட்டாங்க. அவங்க கிதார்காரன் போய்ட்டானாம். அடுத்த மாசம் டூர் கிளம்பறாங்க. வேலைய விட்டுட்டேன், நான் போறேன்."

விஜி கழுத்தில் மாட்டியிருந்த பேஸ் கிதாரைக் கழற்றிச் சுவரில் சாய்த்தான். "ஆல்பம் இன்னாவுறது?"

நிலவன் தரையைப் பார்த்தான். "பாட்டெல்லாம் நான் எழுதுனது விஜி. என் கூடத்தான் வரும். தப்பா எடுத்துக்காதீங்க."

அதில் பொய் எதுவும் இல்லை. எட்டுப் பாட்டின் ஆங்கில வரிகளும் கிதார் மெட்டும் அவனுடையவைதான், பாடுவதும் அவன்தான். இவர்கள் பேண்டுக்குப் 'பிசிறு' என்று பெயர் வைத்ததும் அவன்தான். தகடு வெட்டும்போது ஓரத்தில் கூராக நீட்டிக்கொண்டு நிற்கும் துணுக்கைத் தொழிற்சாலைகளில் அப்படிச் சொல்வார்கள். கவனிக்காமல் தொட்டால் கையைக் கிழித்துவிடும். ஒரகடத்தைச் சுற்றி வேலை பார்க்கும் மூன்று பேர் சேர்ந்து த்ராஷ் மெட்டல் என்னும் அதிரடி ராக் இசை வாசிக்கிறார்கள் என்றால் அதற்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது என்று ஆறு வருடம் முன்பு அவன் சொன்னபோது மற்ற இருவரும் மறுபேச்சில்லாமல் ஒப்புக்கொண்டார்கள்.

காஞ்சனா எண்ணெய்க் குப்பியை மூடினாள். "பாட்டு உன்னுது, எத்துகினு போ. ட்ரம்ஸ் என்னுது."

"உன் ட்ரம்ஸ யாரு கேட்டா?"

"இந்த செட்ட சொல்லல. படப்பைல ரெக்கார்டு பண்ணி வெச்சிகீதே, எட்டு பாட்டுக்கும் நான் அடிச்சது, அத்த சொல்றேன்."

நிலவன் கிதார் பையின் ஜிப்பைத் திறந்தான். "வெறும் ட்ரம்ஸ வெச்சிகினு இன்னா பண்ணுவ?"

அவன் கிதாரைப் பையில் போட்டுக்கொண்டு, இருவரிடமும் கைகொடுத்துவிட்டுப் போனான். சண்டை எதுவும் நடக்கவில்லை. ஒரு வாய்ச்சண்டை போட்டிருந்தால் மனசாவது ஆறியிருக்கும் என்று விஜி பிறகு பல தடவை சொன்னான்.

காஞ்சனாவுக்கு இருபத்தெட்டு வயது. கார் கதவுக்குத் தகடு அடிக்கும் கம்பெனி ஒன்றில் பிரஸ் லைனில் வேலை. சிங்கப்பெருமாள் கோவில் ஊரில் ஒரு சர்ச்சுக்குப் புதிய எலக்ட்ரானிக் ட்ரம்ஸ் வந்தபோது அவர்கள் கழித்துவிட்ட பழைய செட்டை ஷேர் ஆட்டோவின் கூரையில் கயிறு போட்டுக் கட்டிக்கொண்டு வந்தவள். தாளம் சொல்லித்தர ஆள் கிடையாது. போனில் வீடியோ பார்த்து, லீவு நாட்களில் பகல் முழுக்க அடித்து அடித்து, இரண்டு காலும் இரண்டு பெடலில் தையல் மிஷின் போல ஓடும் அளவுக்கு வந்திருந்தாள். த்ராஷ் மெட்டலுக்கு வேகம்தான் உயிர். அந்த வேகம் அவள் காலில் இருந்தது. ஊரில் வேறு எவருக்கும் இல்லாத ஒன்று தன்னிடம் இருக்கிறது என்று அவளுக்கு அதைப் பற்றி ஒரு கர்வமும் உண்டு.

மூன்று வாரம் கழித்து அண்ணாதுரையிடமிருந்து போன் வந்தது. படப்பையில் ஒரு ஹார்டுவேர் கடையின் மாடியில் ஸ்டுடியோ வைத்திருப்பவர் அவர். பக்திப் பாட்டும் பஞ்சாயத்துத் தேர்தல் பிரசாரப் பாட்டும்தான் அவருடைய முக்கியமான தொழில். இவர்களுடைய ட்ரம்ஸையும் சலித்துக்கொண்டே பதிவு செய்து கொடுத்திருந்தார்.

"ஆடிக் கிருத்திகைக்கு முருகன் பாட்டு ஆறு வருதும்மா. கம்ப்யூட்டர்ல எடமில்ல. உங்களோடது சும்மாதான கெடக்குது, தூக்கிடட்டா?"

"தொடாதீங்க. நான் வரேன்."

காலை ஷிப்டு முடிந்த கையோடு, யூனிபாரம்கூட மாற்றாமல் போனாள். அண்ணாதுரை ஹெட்போனைக் கொடுத்தார். கிதாரும் இல்லை, குரலும் இல்லை, எட்டுப் பாட்டின் வெறும் ட்ரம்ஸ் மட்டும் நாற்பது நிமிடம் ஓடியது. பாட்டோடு சேர்த்துக் கேட்டபோது காதில் விழாததெல்லாம் இப்போது விழுந்தது. நான்காவது பாட்டில் நிலவனின் கிதாருக்காகத் தான் வழிவிட்டு ஒதுங்கிய இடம், ஆறாவதில் குச்சி நழுவி ஒரு நொடியில் பிடித்துக்கொண்ட இடம், எட்டாவதில் மூச்சே விடாமல் ஓடிய ஓட்டம். கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டது. யாரோ ஒருத்தி அடித்ததைக் கேட்பதுபோல் இருந்தது, அந்த யாரோ நன்றாக அடிக்கிறாள் என்றும் இருந்தது.

"மொட்டையாத்தான் கீது," என்றார் அண்ணாதுரை. "ஆனா சும்மா சொல்லக் கூடாது, காலு பறக்குது."

"இதும்மேல வேற பாட்டு வெக்க முடியுமாண்ணா?"

"பாட்டுக்குத்தாம்மா ட்ரம்ஸ் அடிப்பாங்க. அடிச்சு வெச்ச ட்ரம்ஸுக்குப் பாட்டு பண்றதுன்னா, கூரைய மொதல்ல போட்டுட்டு அப்புறம் செவுரு எழுப்பற மாதிரி."

"முடியுமா, முடியாதா?"

அவர் மூக்கைச் சொறிந்தார். "செவுரு எழுப்பற ஆளு நல்லா இருந்தா முடியும்."

ஆள் கிடைத்தான். விஜி வேலை பார்க்கும் கம்பெனியின் பெயின்ட் பிரிவில் காசிராஜன் என்று ஒருவன் இருந்தான். சங்கரன்கோவில் பக்கத்துக்காரன், முப்பத்தொரு வயது. ஊரில் கோயில் கொடைத் திருவிழாக்களிலும் கல்யாணங்களிலும் ஏழு வருடம் ஆர்கெஸ்ட்ராவில் கிதார் வாசித்தவன். மெட்டல் என்றால் என்னவென்றே அவனுக்குத் தெரியாது. கொட்டகைக்கு வந்த முதல் நாள் ட்ரம்ஸைப் போட்டுக் காட்டியதும், அதன்மேல் மெல்லிசாக, இனிப்பாக, வளைத்து வளைத்து வாசித்தான்.

காஞ்சனா பொறுத்துப் பார்த்தாள். "கல்யாண ரிசப்ஷன் மாதிரி கீதுண்ணா."

"நான் வாசிச்சது பூரா ரிசப்ஷன்தான? பெறவு வேற எப்படி இருக்கும்?" என்று காசிராஜன் கோபப்படாமல் சொன்னான். "அந்த நாலாவது ஒண்ணு போட்டியளே, அத இன்னொருக்க போடுங்க."

போட்டார்கள். இரண்டு தடவை கேட்டான்.

"இங்கன கொஞ்சம் எடம் விட்டிருக்கியளே, ஏன்?"

"அங்க நிலவன் தனியா கிதார் வாசிப்பான்."

"அப்பம் அந்த எடத்த நான் நெரப்ப மாட்டேன். சும்மாவே கெடக்கட்டும். முன்னாலயும் பின்னாலயும் நான் வாரேன்."

கிதாரின் தடித்த கம்பியைத் திருகித் திருகித் தளர்த்தினான். துணி காயப்போடும் கொடிபோல் அது தொங்கும் வரைக்கும் தளர்த்தினான். பிறகு உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு அடித்தான். கொட்டகையின் தகரக் கூரை மொத்தமும் உறுமியது. சமையலறையிலிருந்து விஜியின் அம்மா கரண்டியும் கையுமாக வெளியே வந்து வானத்தைப் பார்த்தார்.

விஜி வாயைப் பிளந்தான். "இத்த எங்க கத்துகினீங்க?"

"ட்ரம்பெட்காரன் வராத அன்னைக்கு அதயும் நான்தான் கிதார்ல வாசிப்பேன். பத்தாயிரம் பேரு உக்காந்திருப்பான். சத்தம் காணலன்னா கல்லத் தூக்கி எறிவானுவ. சும்மா இருக்க முடியுமா?"

அன்றிலிருந்து வேலை நடந்தது. மூன்று பேரின் ஷிப்டும் ஒத்துவரும் நாட்களைக் காலண்டரில் வட்டம் போட்டுக் குறித்துவைத்து வாசித்தார்கள். பழைய பிசிறு இப்போது இல்லை. முன்பு ட்ரம்ஸும் கிதாரும் போட்டி போட்டுக்கொண்டு ஓடும். இப்போது ட்ரம்ஸ் ஓடியது, கிதார் அதன்மேல் காலை அழுத்தி ஊன்றி நடந்தது. அப்படி நடக்கும்போது ட்ரம்ஸின் வேகம் இன்னும் நன்றாகத் தெரிந்தது. இது காஞ்சனாவுக்கே புதுசு. அரை நிமிடத் துணுக்கு ஒன்றை நெட்டில் போட்டார்கள். நிலவன் இல்லாமல் பிசிறு இல்லை என்று பழைய ரசிகர்கள் வரிசையாக எழுதினார்கள். இது த்ராஷே இல்லை, செத்த பேண்டின் மேல் மண்ணைத் தள்ளிவிடுங்கள் என்றான் ஒருவன். கம்பெனி பஸ்ஸில் உட்கார்ந்து அத்தனையும் படித்துவிட்டு, போனைப் பைக்குள் போட்டாள் காஞ்சனா. அடுத்த ஞாயிற்றுக்கிழமை வழக்கத்தைவிட ஒரு மணி நேரம் முன்னதாகவே கொட்டகைக்குப் போய்விட்டாள்.

தீபாவளிக்குள் ஏழு பாட்டுக்கு மெட்டு தயார். பாடத்தான் ஆள் இல்லை. விஜி முயன்று பார்த்தான். இரண்டு வரிக்குள் இருமல் வந்தது. காசிராஜனின் குரல் முருகன் பாட்டுக்குத்தான் பொருந்தும் என்று அண்ணாதுரை தீர்ப்புச் சொல்லிவிட்டார்.

கார்த்திகை மாதத்தில் ஒரு நாள், மதிய ஷிப்டுக்குப் போகிற கம்பெனி பஸ் வழியில் நெரிசலில் மாட்டிக்கொண்டது. போன் தயாரிக்கும் ஒரு கம்பெனியின் வாசலில் இருநூறு பெண்கள் மழைத் தூறலில் உட்கார்ந்திருந்தார்கள். இரண்டாம் ஷிப்டு முடிந்து வீட்டுக்குப் போகிற பஸ்ஸை நிர்வாகம் நிறுத்திவிட்டதாம். மூடிய கண்ணாடி ஜன்னல், உள்ளே ஏ.சி. சத்தம், முன் சீட்டில் ஒருவரின் போனில் சீரியல் வசனம். இவ்வளவையும் தாண்டி ஒரு குரல் உள்ளே வந்தது.

"பத்து மணிக்கு ஷிப்டு முடிஞ்சா?"

"பஸ்ஸு எங்கே, பஸ்ஸு எங்கே?"

"பாதி வழியில எறக்கிவுட்டா?"

"பதிலு எங்கே, பதிலு எங்கே?"

காஞ்சனா எழுந்து டிரைவரிடம் கதவைத் திறக்கச் சொன்னாள். அன்று அவள் கம்பெனிக்கு அரைமணி நேரம் தாமதம். கோஷம் போட்டவள் பெயர் ஷாரோன், வயது இருபத்தைந்து என்று கூட்டத்தில் கேட்டுத் தெரிந்துகொண்டாள். அதற்குப் பிறகு தினமும் மதியம் அந்த இடத்தில் பஸ் ஜன்னலைத் திறந்துவைத்துக் கேட்டாள். பதினொன்றாம் நாள் இவள் பஸ் வரும்போது, அந்தப் பெண்களுக்கு நிறுத்தியிருந்த பஸ் திரும்ப வந்து வாசலில் நின்றிருந்தது. அதன் முன் கண்ணாடியில் குங்குமம் வைத்து, சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைத்துக்கொண்டிருந்தார்கள். காஞ்சனா இறங்கிப் போய் ஷாரோனிடம் தன்னை யாரென்று சொல்லிக்கொண்டாள்.

"எங்க பேண்டுல பாடுவியா?"

ஷாரோனின் தொண்டை முற்றிலும் கட்டிப்போயிருந்தது. காற்றுபோல்தான் பேச்சு வந்தது. "நான் பாட மாட்டேன்க்கா. கத்துவேன். சர்ச் கொயர்லயே என்னை மைக்க வுட்டு தள்ளி நிக்க வெச்சாங்க."

"எங்களுக்கு அதான் வேணும்."

தொண்டை சரியாக ஒரு வாரம் ஆயிற்று. கொட்டகையில் ஏழு மெட்டையும் கேட்ட ஷாரோன் இரண்டு காதையும் தேய்த்துவிட்டுக்கொண்டாள். "இன்னாக்கா இது, கன்வேயர் ஃபுல் ஸ்பீடுல ஓடற மாதிரி கீது. நான் எங்க பூந்து உள்ள வர்றது?"

"போராட்டத்துல எப்படி வந்த?"

"அங்க நான் ஒரு வரி சொல்வேன், அவங்க ஒரு வரி சொல்வாங்க. அவங்க சொல்ற நேரத்துல நான் மூச்சு வுட்டுக்குவேன்."

காசிராஜன் நிமிர்ந்து உட்கார்ந்தான். "அப்பம் நாம சும்மா போட்டு வச்சிருக்கோம்லா, அந்த எடம் பூரா பதில் சொல்லுத பிள்ளைகளுக்குத்தான்."

ஷாரோன் ஷிப்டு இடைவேளைகளில் எழுதினாள், போனில் தட்டி அனுப்பினாள். எல்லாமே தமிழ், எல்லாமே கேள்வியும் பதிலும். லைனில் ஒவ்வொருத்தியும் நின்று வேலை செய்யும் இடத்துக்கு ஸ்டேஷன் என்று பெயர். முதல் பாட்டு இப்படி ஆரம்பித்தது:

"ஏழாம் நம்பர் ஸ்டேஷன்ல நிக்கிறது யாரு?"
"நான்தான்."
"எழுவது செகண்டுல முடிக்கிறது யாரு?"
"நான்தான்."
"பேரு கேட்டா பேட்ஜக் காட்டுற ஆளு யாரு?"
"நான்தான்."

நிலவனின் பாட்டில் அணுகுண்டும் எலும்புக்கூடும் பாழடைந்த நகரமும் வரும். அதெல்லாம் காஞ்சனாவுக்குப் பிடித்தமானவைதான். ஆனால் பெண்ணொருத்தி அடிவயிற்றிலிருந்து எழுபது செகண்டு என்று கத்தும்போது, கணக்கு வைத்து ஓடும் லைனில் ஏழு வருடமாக நிற்கும் தன்னுடைய முதுகு சிலிர்த்ததை அவளால் மறைக்க முடியவில்லை.

எட்டாவது பாட்டில்தான் பிரச்சினை வந்தது.

காஞ்சனாவோடு பிரஸ் லைனில் வேலை பார்த்த கங்காவுக்கு முந்தைய வருடம் மெஷினில் மாட்டி வலது கையில் இரண்டு விரல் போய்விட்டது. இப்போது அதே கம்பெனியின் ஸ்டோரில் உட்கார்ந்து கையுறையும் காதடைப்பானும் எடுத்துக் கொடுக்கிறாள். ஒரு நாள் டீ குடிக்கும்போது காஞ்சனா இதைச் சொல்லப்போக, ஷாரோன் அன்றிரவே எழுதிவிட்டாள். கங்கா மோதிரத்தை எந்த விரலில் மாட்டுவாள், பூவை எந்த விரலால் தொடுப்பாள் என்று பெயர் சொல்லியே வரிசையாகக் கேள்விகள். இந்தப் பாட்டில் மட்டும் பதில் கிடையாது. அந்த வரிகள் எட்டாவது ட்ரம்ஸில் உட்காரவே இல்லை. அந்த ஓட்டத்தில் வார்த்தைகள் அரைபட்டுப் போயின.

"அக்கா, இந்தப் பாட்டு ஓடாது. இது நிக்கணும்," என்றாள் ஷாரோன்.

"நான் ரெக்கார்டு பண்ண அந்த டேக்க மட்டும் தொடாத. அதுக்காக ரெண்டு வருஷம் காலு வீங்கிகினு கெடந்தேன். ஆல்பத்துல இருக்கறதிலயே அதான் ஃபாஸ்ட்."

"ஃபாஸ்ட்டா இருந்தா போதுமா?"

"என் ட்ரம்ஸ் இல்லன்னா ஆல்பமே கெடையாது, தெரியும்ல?"

சொல்லியிருக்கக் கூடாது என்று சொன்ன உடனேயே தெரிந்தது. ஷாரோன் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டாள். இரண்டு வாரம் கொட்டகை பூட்டியே கிடந்தது.

அந்த இரண்டு வாரமும் காஞ்சனா ஸ்டோர் ஜன்னலைத் தாண்டிப் போகும்போதெல்லாம் தலையைக் குனிந்துகொண்டாள். கடைசியில் ஒரு நாள் கையுறை வாங்கும் சாக்கில் போய் நின்று, போனில் இருந்த வரிகளைக் கங்காவிடமே காட்டினாள். கங்கா இடது கையில் போனை வாங்கி, மெதுவாகப் படித்தாள். திரும்பவும் முதலிலிருந்து படித்தாள்.

"யாரு எழுதுனது?"

"ஷாரோன்னு ஒரு பொண்ணு. நீ வேணான்னா வேணாம். பேர மாத்திடுவேன், இல்ல மொத்தமா எடுத்துடுவேன்."

"பேர ஏன் மாத்தற? என் வெரலு தான போச்சு." போனைத் திருப்பிக் கொடுத்தாள். "நீங்க வாசிக்கறது தடதடன்னு ஓடுமே, அதுல இது யாருக்குப் புரியும்? மெதுவா சொல்லச் சொல்லு. கேக்கறவன் முழுசா கேட்டு முடிக்கட்டும்."

காஞ்சனா லைனுக்குத் திரும்பினாள். நானூறு டன் பிரஸ். இரண்டு கையாலும் இரண்டு பொத்தானை ஒரே நேரத்தில் அழுத்தினால்தான் அது இறங்கும். அழுத்தினாள். இறங்கி, அடித்து, ஏறியது. அதிர்வு பாதத்தில் ஏறி முழங்காலில் நின்றது. மறுபடி அழுத்தினாள். நிமிடத்துக்குப் பதினான்கு தடவை. ஏழு வருடமாக இந்தத் தாளத்தில்தான் நின்றுகொண்டிருக்கிறாள், ஒரு நாள்கூட இதைத் தாளம் என்று நினைத்ததில்லை. ஷிப்டு முடிவதற்குள் எட்டாவது பாட்டு எப்படி இருக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. பஸ்ஸில் ஏறியதும் ஷாரோனுக்கு போன் செய்தாள்.

"ஞாயித்துக்கெழம ஸ்டுடியோக்கு வரியா? அன்னிக்கு நான் பேசனது தப்பு."

"வரேன்க்கா," என்றாள் ஷாரோன். அவ்வளவுதான் பேச்சு.

ஞாயிற்றுக்கிழமை அண்ணாதுரையிடம், "எட்டாவத தூக்கிடுங்கண்ணா," என்றாள்.

அவர் நம்பாமல் பார்த்தார். "ஒரு காப்பி எடுத்து வெச்சிக்கறேனே?"

"வேணாம். இருந்தா அதுங்கிட்டயே திரும்பிப் போயிடுவேன்."

ஒரு அடி, பிறகு காத்திருப்பு, பிறகு இன்னொரு அடி. கேட்க எளிது. அடிக்க முயன்றபோது குச்சி முந்திக்கொண்டு விழுந்தது. வேகத்தில் தப்பு விழுந்தால் அடுத்த அடி வந்து மூடிக்கொள்ளும். இதில் ஒரு இழை முந்தினாலும் பிந்தினாலும் அப்பட்டமாகத் தெரிந்தது. பதிமூன்று டேக் வீணானது. பதினான்காவதில் காஞ்சனா கண்ணை மூடிக்கொண்டு பாதத்தை மட்டும் நம்பினாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஷாரோன் கூடவே வரிகளை முணுமுணுத்தாள். முடிந்ததும் அண்ணாதுரை ஹெட்போனைக் கழற்றி வைத்தார். பிறகு, "முருகன் பாட்டுக்காரங்க வெளிய நிக்கறாங்க. ஒருத்தரும் கதவத் தட்டல பாத்தியா," என்றார்.

பதில் குரல்களைப் பதிவு செய்த நாள்தான் எல்லோருக்கும் திருவிழா. பஸ் போராட்டத்தில் உட்கார்ந்த பெண்களில் ஐந்தாறு பேரைக் கூட்டிவரச் சொல்லியிருந்தார் அண்ணாதுரை. ஷாரோன் இருபத்திரண்டு பேரோடு வந்தாள். காஞ்சனாவோடு கங்காவும் வந்திருந்தாள். உள்ளே நிற்க இடமில்லை. மைக்கை வெளியே கொண்டுவந்து மாடிப்படியின் உச்சியில் கட்டினார். படிக்கு இருவராகக் கீழே தெருவரைக்கும் நின்றார்கள். ஷாரோன் மேலே நின்று கேள்வி கேட்க, இருபத்து மூன்று பேரும் "நான்தான்" என்றார்கள். கீழே ஹார்டுவேர் கடையில் பெயின்ட் டப்பா ஒன்று அலமாரியிலிருந்து உருண்டது. கடைக்காரர் எட்டிப் பார்த்து, திட்ட வாய் திறந்தவர், அடுத்த கேள்விக்குத் தானும் சேர்ந்து "நான்தான்" என்றார். அவர் குரலும் ஆல்பத்தில் இருக்கிறது. காதை வைத்துக் கேட்டால் தெரியும்.

பங்குனியில் 'பஸ்ஸு எங்கே' என்ற பெயரோடு ஆல்பம் நெட்டில் வெளியானது. முதல் வாரம் பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாவது வாரம் அது வாட்ஸப் குழுக்களுக்குள் புகுந்தது. ஷிப்டுக் குழு, ஹாஸ்டல் குழு, பஸ் ரூட் குழு என்று கைமாறிப் போனது. மெட்டல் என்ற சொல்லையே கேட்டிராத பெண்கள் கேன்டீனில் தட்டைத் தட்டி ஒருத்தி கேட்க மற்றவர்கள் பதில் சொல்லும் வீடியோக்கள் வந்தன. மண்ணைத் தள்ளச் சொன்ன அதே ஆள், எட்டாவது பாட்டைக் காலையிலிருந்து கேட்டுக்கொண்டிருப்பதாக எழுதினான்.

நிலவன் ஹைதராபாத்திலிருந்து கூப்பிட்டான். "அஞ்சு தடவ கேட்டுட்டேன் காஞ்சனா. மொத ஏழும் என் பாட்டுக்கு நீ அடிச்சதுதான?"

"ஆமா."

"கேக்கறப்ப என் பாட்டு ஞாபகத்துக்கே வரல." குரலில் வருத்தமும் இருந்தது, பெருமையும் இருந்தது. "எட்டாவது அடிச்சது யாரு?"

"நான்தான்."

"பொய் சொல்லாத. உன்னால அவ்ளோ மெதுவா அடிக்க முடியாது."

காஞ்சனா வாய்விட்டுச் சிரித்தாள்.

மேடை நிகழ்ச்சிக்குச் சித்திரை மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில் படப்பையில் ஒரு கல்யாண மண்டபம் பிடித்தார்கள். அன்று மாலை அங்கே ரிசப்ஷன் இருந்ததால் பகல் இரண்டு முதல் ஐந்து வரைக்கும்தான் கிடைத்தது. நூறு பேர் வந்தால் பெரிது என்று விஜி மிச்ச நாற்காலிகளைப் பின்பக்கம் அடுக்கிவைத்தான். மூன்று மணிக்குள் அவற்றையும் எடுத்துப் போட்டு மண்டபம் நிறைந்துவிட்டது. ஷேர் ஆட்டோக்கள் வந்து வந்து கொட்டிவிட்டுப் போயின. காலை ஷிப்டு முடித்து நேராக வந்தவர்கள் நீலச் சட்டையும் சாம்பல் சட்டையும் கழுத்தில் அடையாள அட்டையுமாக உட்கார்ந்தார்கள். அறுநூறு பேர் இருக்கும். கங்கா முதல் வரிசையில், நடுவில் இருந்தாள்.

மூன்றேகாலுக்குக் காஞ்சனா ட்ரம்ஸில் உட்கார்ந்து பெடலை ஒரு தடவை மிதித்துப் பார்த்தாள். முதல் பாட்டின் முதல் கேள்வியை ஷாரோன் கேட்டாள். அறுநூறு தொண்டையும் பதில் சொன்ன வேகத்தில் காற்று வந்து நெஞ்சில் மோதியது. காசிராஜன் கால் இரண்டையும் அகட்டி ஊன்றி, கோயில் கொடை மேடையில் நிற்பதுபோலவே நின்று அடித்தான். விஜி வாழ்நாளில் முதல் தடவையாகத் தலையைச் சுழற்றினான். இவள் கால்கள் ஏழு பாட்டும் ஓடின. எட்டாவதில் நின்றன. அடிக்கும் அடிக்கும் நடுவில் மண்டபத்தில் மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. கடைசி அடி விழுந்து அடங்கியதும் கங்கா எழுந்து நின்றாள். வலது கையை முழுதாக உயர்த்திக் காட்டினாள். மூன்று விரல். அறுநூறு பேரும் எழுந்தார்கள்.

கைதட்டல் ஓயவில்லை. இன்னொன்று, இன்னொன்று என்று கேட்டார்கள். ஷாரோன் மைக்கைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "எங்ககிட்ட கீறதே எட்டு பாட்டுதான். முடிஞ்சுபோச்சு."

பின்னாலிருந்து ஒரு பெண் குரல், "அப்ப மொதல்லேந்து போடு," என்றது.

காஞ்சனா கடிகாரத்தைப் பார்த்தாள். நான்கு பத்து. ஆல்பம் நாற்பத்திரண்டு நிமிடம். மண்டப மேனேஜரைப் பார்த்தாள். அவர் தோளைக் குலுக்கிவிட்டு, கேளுங்கள் என்பதுபோல் மாடியைக் காட்டினார். அங்கே மணமகள் அறை வாசலில், மாலை ரிசப்ஷனுக்காக வந்திருந்த கல்யாணப்பெண் பாதித் தலையில் பூ வைத்தபடி கைப்பிடிச் சுவரில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தாள். அவளுக்குப் பின்னால் கையில் மிச்சப் பூவோடு ஒப்பனைக்காரி.

"நேரமாவுது, எறங்கிடட்டுமா?" என்று கீழேயிருந்து மைக்கில் கேட்டாள் ஷாரோன்.

"நானும் ஏழாம் நம்பர் ஸ்டேஷன்தான்," என்று கத்தினாள் கல்யாணப்பெண். "போடுங்கக்கா."

காசிராஜன் கம்பியைத் தட்டிச் சுருதி பார்த்தான். விஜி நெற்றி வியர்வையைத் துடைத்தான். காஞ்சனா நனைந்துபோயிருந்த குச்சிகளைப் போட்டுவிட்டுப் புதுசாக இரண்டு எடுத்து, தலைக்கு மேலே தூக்கி நான்கு எண்ணினாள்.